ஆலவாயின் எல்லையும் நல்லூரின் நாற்றிசையும்: நகரமைப்புச் சடங்கின் இலக்கியப் புனைவு பற்றிய ஒரு நோக்கு

1

நகரொன்றின் தோற்றத்துக்கு வரலாற்றாசிரியர் கூறும் காரணங்கள் வேறு. இலக்கியம் கூறும் காரணங்கள் வேறு. ஆற்றங்கரை, வணிகப் பாதை, நெல் விளையும் நிலம், அரண் அமைத்தற்கு ஏற்ற இடம் என்பனவற்றை வரலாற்றாசிரியர் எடுத்துக்காட்டுவர். இலக்கியமோ பெரும்பாலும் ஒரு சடங்கினையே காட்டுகின்றது. நன்னாள் தேர்தல், நிழல் அளத்தல், கயிறு பிடித்தல், திசைக்காவலாகத் தெய்வங்களை நிறுத்துதல், புனித நீர் கலத்தல் முதலாய செயல்களால் மண்ணின்மீது ஒரு வடிவம் வரையப்படுகின்றது. அவ்வடிவம் அண்டத்தின் ஒழுங்கோடு ஒத்தது எனக் கருதப்படுகின்றமையால், மக்கள் வாழும் குடியிருப்புத் திருநகர் என்னும் நிலையினை எய்துகின்றது.

இச்சடங்குகள் நூல்கள் கூறியவாறே நிகழ்ந்தனவா என்பது ஒரு வினா. அவை ஏன் அவ்வாறு கூறப்பட்டன என்பது மற்றொரு வினா. முதலாவது வினாவே பெரிதும் ஆராயப்பட்டு வந்துள்ளது. ஒருசாரார் மயமதம், மானசாரம் ஆகிய சிற்ப நூல்கள் கூறும் 64 பதங்களையும் 81 பதங்களையும் கொண்ட மண்டலங்களை எடுத்து, நகரங்களின் வரைபடங்கள்மீது பொருத்திக் காட்டி, பண்டைய சடங்கின் சுவடு இன்றும் தெருக்களிற் காணப்படுகின்றது என்பர். மற்றொரு சாரார் இவையனைத்தும் புராணக் கதைகள் என ஒதுக்குவர். இவ்விரு சாராரும் ஒரு பொதுத் தவற்றினைச் செய்கின்றனர் என்பது எமது கருத்து. இருவருமே இலக்கியத்தை ஒரு கட்டட வரைபடமாகக் கொண்டு படிக்கின்றனர். ஒருவர் அது சரியான வரைபடம் என்கிறார், மற்றவர் பிழையான வரைபடம் என்கிறார்.

நகரமைப்புச் சடங்கினைக் கூறும் இலக்கியப் பகுதிகளை நாம் இலக்கியமாகவே நோக்குவோமாயின், அவை நகரின் பிறப்பைக் காட்டிலும் நகரின் இழப்போடு நெருங்கிய தொடர்புடையன என்பது புலனாகும். எல்லை அழிந்த இடத்திலேதான் எல்லை வரையும் சடங்கு விரிவாகப் பாடப்பட்டுள்ளது. இக்கருத்தினை நெடுநல்வாடை, பரிபாடல், பரஞ்சோதி முனிவரின் திருவிளையாடற் புராணம், மயில்வாகனப் புலவரின் யாழ்ப்பாண வைபவமாலை ஆகியவற்றின் துணைகொண்டு நிறுவ முயல்வோம். முதல் மூன்று நூல்களும் மதுரையோடு தொடர்புடையன. நான்காவது நூல் நல்லூரைப் பற்றியது. ஆயினும், நல்லூரை அமைத்த அரசனை மதுரையிலிருந்தே அது அழைத்து வருகின்றமையால், இவ்வொப்பீடு வலிந்து செய்யப்படுவதன்று.

2

பத்துப்பாட்டுள் ஒன்றாகிய நெடுநல்வாடை 188 அடிகளையுடைய சிறிய பாட்டு. பாடியவர் நக்கீரர். அதன் நடுப்பகுதியில் அரண்மனை ஒன்று வகுக்கப்பட்டமை கூறப்படுகின்றது. ஞாயிறு ஒரு பக்கமும் சாயாது உச்சியில் நிற்கும் நண்பகற் பொழுதில், நடப்பட்ட இரு கோல்களின் நிழல்கொண்டு திசை துணிந்து, சிற்ப நூல் அறிந்தோர் நுட்பமாகக் கயிறு பிடித்து, திசைத் தெய்வங்களையும் கருத்திற் கொண்டு மன்னனுக்கேற்ற மனையை வகுத்தனர் என்பது அப்பகுதியின் பொருள். நச்சினார்க்கினியர் இதனைச் சித்திரைத் திங்களோடு சேர்த்து விளக்குவர். மதுரை வட அகலக்கோடு 10 பாகையை அடுத்து அமைந்துள்ளமையால், சித்திரையின் தொடக்கத்தை ஒட்டிய நாள்களில் அங்கு நண்பகல் ஞாயிறு நேர் உச்சியில் நிற்பதும் நிழல் அடியில் ஒடுங்குவதும் உண்மையே. புலவர் கூறுவது வானியலுக்கு மாறானதன்று.

ஈண்டு மூன்று செய்திகள் மனங்கொள்ளத்தக்கன. முதலாவது, இச்சடங்கினை நிகழ்த்துவோர் மனிதர். அதிலும் தொழில் நுட்பம் அறிந்தோர். தெய்வம் நோக்கப்படுகின்றதேயன்றி நேரில் வந்து கயிறு பிடிக்கவில்லை. இரண்டாவது, வகுக்கப்படுவது அரண்மனையே, நகர் முழுவதுமன்று. மூன்றாவது செய்தி இலக்கியத் திறனாய்வில் முதன்மை பெறுவது. இவ்வளவு நுண்ணிதாக வானோடு பொருத்தி அமைக்கப்பட்ட மாளிகையினுள்ளே இருப்பவள் யார்? கணவனைப் பிரிந்து, அணிகளைக் களைந்து, துயிலின்றிக் கிடக்கும் அரசி. அவள் படுத்திருக்கும் கட்டிலின் மேற்கட்டியில் வான மண்டிலம் ஓவியமாகத் தீட்டப்பட்டுள்ளது. மேடம் முதலாகிய இராசிகளின் ஊடே ஞாயிறு செல்லும் வழியும், உரோகிணியைப் பிரியாத திங்களும் அதிற் காணப்படுகின்றன. அரசி அவ்வோவியத்தை நோக்கிப் பெருமூச்செறிகின்றாள்.

ஞாயிறு மேடத்தில் நிற்கும் காலத்தோடு பொருத்திக் கூறப்படும் மனைவகுப்பும், மேடத்தில் தொடங்கும் மேற்கட்டி ஓவியமும் ஒன்றையொன்று நோக்கி நிற்கின்றன. மனையின் அடித்தளமும் வானோடு ஒத்தது; அதன் மேற்கட்டியும் வானோடு ஒத்தது. இடையிலே வாழும் உயிர் மட்டும் எதனோடும் ஒவ்வாது தவிக்கின்றது. அரசனோ பாசறையிலே, நள்ளிரவில், வாடைக்காற்று வீச, புண்பட்ட வீரரைக் கண்டு ஆற்றுவித்துத் திரிகின்றான். கேத்திரகணித ஒழுங்கு எத்துணை நிறைவுடையதாயினும் மனித வாழ்வின் ஒழுங்கினை அது தானாகத் தந்துவிடாது என்பதனை நக்கீரர் வெளிப்படையாகக் கூறவில்லை. காட்சிகளை அடுத்தடுத்து வைத்த முறையினாலேயே உணர்த்திவிடுகின்றார். நகரமைப்புச் சடங்கினைப் பற்றிப் பின்னாளில் எழுந்த எந்த நூலிலும் இத்தகைய ஐயவுணர்வினை நாம் காணமுடியாது.

3

பரிபாடலைச் சேர்ந்த பகுதிகளுள் புறத்திரட்டு வாயிலாகக் கிடைத்துள்ள ஒன்று, மதுரையைத் தாமரை மலராக உருவகிக்கின்றது. திருமாலின் உந்தியில் மலர்ந்த தாமரையோடு நகர் ஒப்பிடப்படுகின்றது. தெருக்கள் இதழ்கள், கோயில் பொகுட்டு, தமிழ்க்குடிகள் தாது, பரிசில் பெற்று வாழ்வோர் அத்தாதினை உண்ணும் வண்டுகள். வஞ்சியும் உறந்தையும் கோழி கூவ விழித்தெழுவன. மதுரையோ மறையோசை கேட்டுத் துயிலெழுவது எனப் பாட்டு மேலும் கூறும்.

மதுரையின் இன்றைய தெருவமைப்பினை விளக்கப் புகுவோர் பலரும் இவ்வுருவகத்தை முதற்சான்றாக எடுத்துக்காட்டுவர். அவ்வாறு காட்டும்போது பொகுட்டாகிய 'கோயில்' என்பதனைச் சொக்கநாதர் திருக்கோயில் எனக் கொண்டு, அதனைச் சூழ்ந்த ஆடி, சித்திரை, ஆவணி மூல, மாசி வீதிகளை இதழ் வரிசைகளாகக் காண்பர். ஆயின் பாட்டின் சொல்லாட்சியை நோக்கும்போது இக்கருத்து நிலைபெறாது. சங்க நூல்களிற் கோயில் என்னும் சொல் அரசன் உறையும் இல்லத்தையே பெரும்பாலும் குறிக்கின்றது. அண்ணலின் கோயில் எனப் பாட்டிற் கூறப்படுவது பாண்டியனின் அரண்மனை எனக் கொள்வதே பொருத்தமாகும். குடிகள் தாதாகவும் பரிசிலர் வண்டாகவும் அமைதல் வேண்டுமாயின் நடுவே கொடையாளனாகிய அரசன் இருத்தல் வேண்டும். உருவகத்தின் உட்பொருத்தம் அதுவேயாம்.

ஆகவே, தாமரையின் நடுப்புள்ளி ஒரு காலத்தில் அரசனுக்கு உரியதாயிருந்தது. பின்னர் அது இறைவனுக்கு உரியதாயிற்று. கோயில் என்னும் ஒரே சொல் இம்மாற்றம் தெரியாதவாறு இருபுறமும் நின்று உதவிற்று. பத்தி இயக்கக் காலத்தையடுத்துத் தமிழகத்தில் அரசும் கோயிலும் ஒன்றையொன்று தாங்கி வளர்ந்த வரலாற்றினை இச்சொல்லின் பொருள்மாற்றத்திலேயே காணலாம். மாறாத புனித வடிவம் என்று கூறப்படுவதன் நடுப்புள்ளியே மாறியுள்ளது என்னும் உண்மையை மண்டல வரைபடங்களை விரும்புவோர் கருத்திற் கொள்வதில்லை.

பரிபாடலில் இன்னொன்றும் நோக்கத்தக்கது. இங்கே சடங்கு எதுவும் கூறப்படவில்லை. நகர் ஏற்கெனவே மலர்ந்திருக்கின்றது. யார் வரைந்தார், எப்பொழுது வரைந்தார் என்னும் வினா புலவருக்கு எழவில்லை. உள்ள நகரைக் கண்முன் கண்டு பாடுவோருக்கு அவ்வினா எழவேண்டிய தேவையுமில்லை.

4

பரஞ்சோதி முனிவரின் திருவிளையாடற் புராணத்துக்கு வரும்போது நிலைமை முற்றாக மாறிவிடுகின்றது. இங்கே மதுரை இருமுறை வரையப்படுகின்றது. முதலாவது, மதுரைக் காண்டத்தின் திருநகரங்கண்ட படலத்தில். கடம்பவனத்தின் நடுவே இந்திரன் வழிபட்ட இலிங்கத்தைத் தனஞ்சயன் என்னும் வணிகன் கண்டு, மணவூரில் இருந்த குலசேகர பாண்டியனுக்குக் கூறுகின்றான். இறைவன் சித்தராக அரசன் கனவில் தோன்றிக் காட்டினை அழித்து நகர் அமைக்குமாறு பணிக்கின்றான். நேரிலும் வந்து அமைக்கும் முறையை நூல்வழியே உணர்த்துகின்றான். காடு வெட்டப்படுகின்றது; கோயிலும் வீதிகளும் மதிலும் எழுகின்றன. ஐயனார், சத்தமாதர், திருமால், காளி ஆகிய தெய்வங்கள் திசைக்காவலாகின்றன. இறுதியில் இறைவனின் சடையிலுள்ள திங்களிலிருந்து அமுதம் சிந்த, அம்மதுரத்தால் நகர் மதுரை எனப் பெயர் பெறுகின்றது.

இரண்டாவது, 49ஆம் திருவிளையாடலாகிய திருவாலவாயான படலத்தில். கடல் பொங்கிய பிரளயத்தால் நாடு அழிந்தது. கோயிலும் சில மலைகளுமே எஞ்சின. பன்னெடுங் காலத்தின் பின் வங்கியசேகர பாண்டியன் ஆண்டபொழுது மக்கள் பெருகினர். ஆனால் பழைய நகரின் எல்லை எதுவென அறிந்தவர் எவருமிலர். அரசன் இறைவனிடம் முறையிட, சித்தராக வந்த இறைவன் தன் கையிற் கங்கணமாயிருந்த பாம்பினை ஏவுகின்றான். பாம்பு வாலை நீட்டி நகரினை வலமாக வளைந்து, தன் வாலைத் தன் வாயிற் கவ்வி எல்லை காட்டுகின்றது. அவ்வழியே மதில் எழுப்பப்படுகின்றது. தெற்கு வாயில் திருப்பரங்குன்றம். வடக்கு வாயில் இடபமலை. மேற்கு வாயில் திருவேடகம். கிழக்கு வாயில் திருப்பூவணம்.

நெடுநல்வாடையில் நூல் அறிந்தோர் பிடித்த கயிறு இங்கே பாம்பாகிவிட்டது எனலாம். மனிதனின் அளவைத் தொழில் தெய்வத்தின் திருவிளையாடலாகியுள்ளது. இம்மாற்றத்துக்குக் காரணம் புராண மனப்பான்மை என்று மட்டும் கூறி அமைதல் போதாது. கதை தானே காரணத்தைக் கூறுகின்றது. எல்லை மறந்துபோயிற்று, அறிந்தோர் அழிந்தனர். கயிறு பிடித்தோரின் மரபு அறுந்தவிடத்து, அவ்வறிவினைத் தரத்தக்கவர் அழிவுக்கு உட்படாத ஒருவரே. ஆகையால் இறைவன் வரவேண்டியதாயிற்று.

ஆலவாய் என்னும் பெயர் திருஞானசம்பந்தரின் தேவாரத்திலேயே பயில்கின்றது. பெயர் முந்தியது, பெயருக்கு விளக்கமாகிய இக்கதை விரிவுபெற்றமை பிந்தியது. பரஞ்சோதியாரின் நூலைக் கேட்டோர் எத்தகைய நகரில் வாழ்ந்தனர் என்பதனையும் சிந்தித்தல் வேண்டும். 1311ஆம் ஆண்டின் மாலிக் கபூர் படையெடுப்பு, அதனையடுத்து ஏற்பட்ட மதுரைச் சுல்தானகம், 14ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் விசயநகரத்துக் குமாரகம்பணன் பெற்ற வெற்றி, பின்னர் நாயக்கராட்சியிற் கோயிலும் நகரும் பெரிதும் மீளக் கட்டப்பட்டமை ஆகியவற்றைக் கடந்துவந்த நகர் அது. பிரளயக் கதையை இவ்வரலாற்றின் நேர் உருவகமாகக் கொள்ளுதல் எமது கருத்தன்று. புராணங்கள் அவ்வாறு எளிதிற் பெயர்த்துரைக்கத்தக்கன அல்ல. எனினும், அழிந்து மீண்ட நகரில் வாழ்வோர்க்குப் பழைய எல்லை இதுவே எனச் சுட்டும் கதை வெறும் பொழுதுபோக்காக இருந்திருக்கமாட்டாது.

5

பாம்பு காட்டிய எல்லையை நிலத்திற் பொருத்திப் பார்ப்போம். திருப்பரங்குன்றம் மதுரைக் கோயிலிலிருந்து ஏறத்தாழ 8 கிலோமீற்றர் தொலைவில், தென்மேற்குப் பக்கமாக உள்ளது. இடபமலையாகிய அழகர்மலை வடக்கே ஏறத்தாழ 20 கிலோமீற்றர் தொலைவில் உள்ளது. திருவேடகம் நேர் மேற்கிலன்றி வடமேற்கிலும், திருப்பூவணம் நேர் கிழக்கிலன்றித் தென்கிழக்கை நோக்கியும் அமைந்துள்ளன. இவ்வளவு பரப்பினை வளைத்த மதில் எக்காலத்தும் இருந்ததில்லை. நான்கு இடங்களையும் கோட்டால் இணைப்பின் வட்டமும் அமையாது, சதுரமும் அமையாது.

அவ்வாறாயின் இவ்வெல்லை எதனால் வரையப்பட்டது? பாடல்களாலும் கதைகளாலும் வரையப்பட்டது என்பதே விடை. பரங்குன்றம், ஏடகம், பூவணம் ஆகிய மூன்றும் தேவாரப் பாடல் பெற்ற தலங்கள். பரங்குன்றம் சங்க நூல்களிலும் பாடப்பட்ட முருகன் இடம். ஏடகம் சம்பந்தரின் ஏடு வைகையை எதிர்த்துச் சென்று சேர்ந்ததாகக் கூறப்படும் இடம். பூவணத்தில் பொன்னனையாளுக்காக இறைவன் இரசவாதஞ் செய்தமையை இப்புராணமே பாடுகின்றது. இடபமலையோ திருமால் உறைவது. சைவம், வைணவம், முருக வழிபாடு ஆகிய மூன்றையும் ஒரே மதிலுக்கு வாயில்களாக்கியிருக்கின்றது இக்கதை.

இவ்வெல்லை ஏட்டளவில் நின்றுவிடவுமில்லை. ஆண்டுதோறும் மீனாட்சி திருமணத்துக்குப் பரங்குன்றத்து முருகன் மதுரைக்கு எழுந்தருளுகின்றார். அழகர் மலையிலிருந்து இறங்கி வைகைவரை வருகின்றார். புராணத்தின் தென்வாயிலும் வடவாயிலும் மக்களின் கால்நடையினால் ஒவ்வோராண்டும் புதுப்பிக்கப்படுகின்றன. திருமலை நாயக்கர் (1623-1659) மாசித் திங்களில் நிகழ்ந்த மீனாட்சி திருவிழாவினைச் சித்திரைக்கு மாற்றி, அழகர் விழாவோடு இணைத்தார் என்பது மரபு. அதனாலேயே சித்திரைத் தேர் இன்று மாசி வீதிகளில் ஓடுகின்றது. வீதியின் பெயர் ஒரு திங்களைக் கூற, விழா மற்றொரு திங்களில் நிகழ்கின்றது. நாயக்கர் காலக் கோட்டை மதிலோ 19ஆம் நூற்றாண்டின் முற்பாதியில் பிளாக்பேர்ண் கலெக்டராயிருந்த காலத்தில் இடிக்கப்பட்டு, அவ்விடம் வெளிவீதிகளாயிற்று. அரசன் வரைந்ததை ஆங்கில ஆட்சியாளன் அழித்தான்; ஆனால் அழகரின் வழி அழியவில்லை. நகரின் புனித வடிவம் ஒருமுறை வரையப்பட்டு நிலைத்ததன்று என்பதற்கும், ஆட்சியாளரின் தேவையும் மக்களின் வழக்கமும் அதனைத் தொடர்ந்து திருத்தி வந்துள்ளன என்பதற்கும் இவை போதிய சான்றுகளாம்.

6

யாழ்ப்பாண வைபவமாலையினை மாதகல் மயில்வாகனப் புலவர் 1736ஆம் ஆண்டளவில் ஒல்லாந்த அதிகாரி ஒருவரின் வேண்டுகோளின்படி இயற்றினார் என்பர். கைலாயமாலை முதலிய முன்னைய நூல்கள் அதற்கு மூலமாயின. பொன்பற்றியூர்ப் பாண்டி மழவன் மதுரைக்குச் சென்று சிங்கையாரியனை அழைத்து வருகின்றான். அரசன் நல்லூரைத் தலைநகராகத் தெரிந்து, சோதிடர் குறித்த நன்முகூர்த்தத்தில் அத்திவாரமிட்டு, நான்கு மதில்களும் வாயில்களும் மாளிகைகளும் பூங்காவும் அமைக்கின்றான். நீர்நிலையில் யமுனை நதியின் தீர்த்தத்தைக் கொணர்வித்துக் கலக்கின்றான். பின்னர் மதிற்புறங்களிற் காவலாகக் கோயில்கள் எழுகின்றன: கிழக்கே வெயிலுகந்த பிள்ளையார், தெற்கே கைலாயநாதர், மேற்கே வீரமாகாளியம்மன், வடக்கே சட்டநாதர், தையல்நாயகியம்மன், சாலை விநாயகர்.

திருநகரங்கண்ட படலத்தின் கூறுகள் பலவும் இங்கே இருத்தல் வெளிப்படை. நன்னாள், மதில், திசைக்காவல், வெளியிலிருந்து வந்து கலந்த புனித நீர் ஆகியன இரண்டுக்கும் பொது. ஆயின் வேறுபாடுகளே எமக்கு முதன்மையானவை. சித்தரும் பாம்பும் இங்கில்லை. சோதிடரும் அரசனுமே உளர். நடுவே இருப்பது அரண்மனை. கந்தசுவாமி கோயில் இச்சடங்கின் நடுப்புள்ளியாகக் கூறப்படவில்லை. இவ்வகையில் வைபவமாலை தனக்கு அண்மைக் காலத்ததாகிய திருவிளையாடற் புராணத்தைவிடப் பரிபாடலின் அமைப்புக்கே நெருங்கி நிற்கின்றது.

வடக்கே கோயில்கள் மூன்று என்பதும் நோக்கத்தக்கது. இன்று நல்லூரைப் பற்றி எழுதுவோர் நாற்றிசைக்கு நான்கு கோயில் எனச் சுருக்கி, வடக்கே சட்டநாதரை மட்டும் கூறுவதுண்டு. கணக்கு அழகாக அமைகின்றது; ஆனால் நூல் கூறியது அதுவன்று. புனிதக் கேத்திரகணிதம் எவ்வாறு உருவாகின்றது என்பதற்கு இது கண்முன் உள்ள எடுத்துக்காட்டு. நிலத்திலிருந்த ஒழுங்கின்மையை முதனூல் ஓரளவு பேணுகின்றது. பின்வந்தோர் அதனை நீக்கிச் சதுரமாக்குகின்றனர்.

இனி, இந்நூல் எழுந்த காலத்தை நோக்குவோம். 1619இல் யாழ்ப்பாண அரசு போர்த்துக்கேயர் வசமாயிற்று. 1621இல் பிலிப் தெ ஒலிவேறா நல்லூர்க் கந்தசுவாமி கோயிலை இடிப்பித்தான். ஆட்சி நடுவம் யாழ்ப்பாணப் பட்டினத்துக்குப் பெயர்ந்தது. 1658இல் ஒல்லாந்தர் வந்தனர். மயில்வாகனப் புலவர் எழுதியபொழுது பழைய கோயில் இடிந்து 115 ஆண்டுகள் கழிந்துவிட்டன. அரண்மனையோ மதிலோ இல்லை. 18ஆம் நூற்றாண்டின் முற்பாதியில் எழுந்த கந்தசுவாமி கோயிலும் பழைய இடத்திலன்றிக் குருக்கள் வளவு எனப்பட்ட வேறிடத்திலேயே அமைந்தது. பழைய இடம் முத்திரைச் சந்தியை அடுத்துக் கிறித்தவ தேவாலயம் உள்ள நிலம் என்பது மரபு. 'ப' வடிவிலான யமுனா ஏரி, சங்கிலித்தோப்பு வளைவு, பிற்கால வேலைப்பாடுகள் கலந்த மந்திரிமனை என்பனவே அரசிருக்கையின் நினைவாக இன்று காட்டப்படுவன.

ஆகவே, நடுவே எதுவும் இல்லாத ஒரு நகரின் நான்கு புறங்களையும் புலவர் எண்ணிச் சொல்கின்றார். வெயிலுகந்த பிள்ளையாரும் வீரமாகாளியும் இருக்கும் இடங்களைச் சுட்டினால் இடையே இருந்தது எதுவெனக் கேட்போர் உணர்ந்துகொள்வர். வேண்டுகோள் விடுத்தவர் அந்நிய ஆட்சியாளராயிருக்க, அவர் கேட்ட வரலாற்றினுள்ளே அழிந்த தலைநகரின் எல்லையைப் புலவர் பதிவு செய்துவிட்டார். வங்கியசேகரனுக்குப் பாம்பு செய்த உதவியினை நல்லூருக்கு ஒரு நூல் செய்தது எனலாம்.

7

மேற்கூறியவற்றால், சடங்கின் விரிவும் நகரின் இருப்பும் எதிர்விகிதத்தில் அமைதலை நாம் காண்கின்றோம். நகர் கண்முன் இருந்தபொழுது பரிபாடல் அதனை மலராகக் கண்டு மகிழ்ந்ததேயன்றிச் சடங்கு கூறவில்லை. நெடுநல்வாடை தொழில் நுட்பத்தைச் சில அடிகளிற் கூறி, அதன் போதாமையையும் உணர்த்திற்று. எல்லை மறைந்த பின்னரே ஆலவாய்க் கதை எழுகின்றது. தலைநகர் அழிந்த பின்னரே நல்லூர்ச் சடங்கு முறையாக எழுத்திற் பதியப்படுகின்றது.

இவ்விலக்கியங்களுக்கு ஒரு குறையும் உண்டு. சடங்கினை நிகழ்த்துவோர் பெயர் பெறுகின்றனர். மண் சுமந்தோர் பெயர் பெறுவதில்லை. காடு வெட்டியோரும் மதிலுக்குக் கல் சுமந்தோரும் அரசனின் ஒரு வினைமுற்றுக்குள் அடங்கிவிடுகின்றனர். 'எழுப்பினான்' என்னும் சொல்லுக்குள் மறைந்தோர் எத்தனை பேர் என்பதனைத் திறனாய்வாளர் கேட்டேயாகவேண்டும். ஆயினும் பரஞ்சோதியாருக்கு நாம் நீதி செய்தல் வேண்டும். 49ஆம் திருவிளையாடலிற் பாம்பினை ஏவி எல்லை வரைந்த அதே இறைவன், 61ஆம் திருவிளையாடலிற் பிட்டுக்குக் கூலியாளாய் வந்து வைகைக் கரைக்கு மண் சுமக்கின்றான். அரசனின் பிரம்படியையும் பெறுகின்றான். அவ்வடி எல்லா உயிர்கள்மீதும் படுகின்றது. எல்லை வரைதலால் மட்டும் நகர் நிலைத்துவிடாது, உடைந்த கரையை அடைப்போரின் உழைப்பாலேயே அது நிலைக்கும் என்பதனை அப்புராணமே அறிந்திருந்தது. புனித வடிவத்தைப் போற்றுவோர் 49ஆம் விளையாடலோடு நின்றுவிடாது 61ஆம் விளையாடலையும் சேர்த்தே படித்தல் வேண்டும்.

இவ்வாராய்ச்சி எம்மவர்க்குப் பழம்பொருட் பற்றினால் மட்டும் வேண்டப்படுவதன்று. 1990இல் வலிகாமம் வடக்கிலிருந்து பெயர்ந்தோர் பல்லாண்டுகள் கழித்துத் தம் ஊர்களுக்குத் திரும்பியபொழுது வேலியும் ஒழுங்கையும் வீடும் அழிந்திருந்த நிலத்தில், எஞ்சிய கிணற்றையும் கோயிலையும் மரத்தையும் குறியாகக் கொண்டு தத்தம் காணியின் எல்லையைத் தேட நேர்ந்தது. கிழக்கே இன்ன கோயில், மேற்கே இன்ன கேணி என முதியோர் சொல்லச் சொல்ல இளையோர் அளந்தனர். வைபவமாலையின் மதிற்புறப் பட்டியல் எத்தகைய தேவையிலிருந்து பிறந்திருக்கும் என்பதனை அந்நிலத்தில் நின்றோர் எளிதில் உணர்வர். அதனைப் பழங்கதை என ஒதுக்குதலும் தவறு. சதுரமும் மண்டலமுமாகத் திருத்தி அழகுபடுத்துதலும் தவறு.

ஆகவே இத்துறையில் இனி வேண்டப்படுவன இரண்டு. கைலாயமாலையையும் வைபவமாலையையும் அவற்றின் ஏட்டு வேறுபாடுகளோடு ஒப்புநோக்கி, நல்லூரைப் பற்றிய பகுதியைச் சொல் சொல்லாக ஆராய்தல் ஒன்று. அந்நூல்கள் குறிக்கும் இடங்களை, எக்கருதுகோளையும் முன்கூட்டியே சுமத்தாது, நிலத்தில் அளந்து பதிவு செய்தல் மற்றொன்று. வடக்கே மூன்று கோயில் எனின் மூன்றையும் வரைதல் வேண்டும். கோடு கோணலாயின் அக்கோணலையும் அவ்வாறே வரைதல் வேண்டும். நெடுநல்வாடையின் நூலறிந்தோர் நிழல் விழுந்த இடத்திலேதான் கயிறு பிடித்தனர். ஆய்வாளர் செய்யத்தக்கதும் அதுவேயாகும்.